குராமோச்சியின் முதுகு

எங்கள் வீட்டில் கல்லூரிக்குப் போன முதல் ஆள் நான். ஆண்களையும் சேர்த்துத்தான் சொல்கிறேன். டோக்கியோவின் ஹொன்ஜோ பேட்டையில் அப்பா தோஃபு, அதாவது சோயாப்பால் கட்டி, செய்து விற்கிறார். அவருடைய அப்பாவும் அதைத்தான் செய்தார். பட்டம் வாங்கிக்கொண்டு நான் வீட்டுக்கு வந்த அன்று அம்மா சொன்ன முதல் வார்த்தை, "நல்லதாப் போச்சு மிட்சு. இனிமே காலையில சோயா அரைக்க ஒரு ஆள் ஆச்சு."

படித்த பெண்ணுக்கு டோக்கியோவில் இரண்டு வழிகள்தான் உண்டு. ஒன்று, பெண்கள் பள்ளியில் டீச்சர் வேலை. அதற்கு நல்ல குடும்பத்துப் பெண் வேண்டும் என்பார்கள். தோஃபுக்காரர் மகள் நல்ல குடும்பத்தில் சேர்த்தி இல்லை. இன்னொன்று கல்யாணம். எனக்காக, மிசோ என்கிற சோயா விழுது விற்கும் கடைக்காரரின் இரண்டாவது மகனைப் பார்த்து வைத்திருந்தார்கள். அவனைப் பற்றிச் சொல்ல என்னிடம் ஒன்றுமில்லை. எதைப் பற்றியும் சொல்ல அவனிடமும் ஒன்றுமில்லை.

மூன்றாவது வழி தற்செயலாகக் கிடைத்தது. சுமிதா ஆற்றங்கரையில் கண்ணாடிக் கூரை போட்ட ஸ்டுடியோ ஒன்று இருந்தது. சலனப்படம் எடுக்க அவர்களுக்கு நாவல்கள் வேண்டும். நாடகக் கொட்டகையில் ஏற்கெனவே ஓடிய நாவல் என்றால் இன்னும் சந்தோஷம். ஆனால் படம் எடுப்பவர்கள் யாரும் நாவல் படிப்பதில்லை. அதற்காக என்னை வைத்தார்கள். நான் படிக்கவேண்டும், டைரக்டர் குராமோச்சி பல் குத்திக்கொண்டே உட்கார்ந்திருப்பார், அவருக்கு நான் கதை சொல்லவேண்டும். அவ்வளவுதான் வேலை. ஸ்டுடியோவில் எல்லோரும் அவரை சென்செய், அதாவது வாத்தியார், என்று கூப்பிடுவார்கள். அவர் என்னை காலேஜ்காரி என்று கூப்பிடுவார். பாராட்டாக அல்ல.

அந்த வசந்தத்தில் அவர் எடுத்த படம் 'மூங்கில் வேலி'. பத்திரிகையில் தொடராக வந்தபோதே ஊரெல்லாம் படித்த நாவல். யுகியே என்கிற பெண்ணைப் புகுந்த வீட்டில் படாத பாடு படுத்தி, கடைசியில் ஒரு பொய்ப் பழியைச் சொல்லித் துரத்திவிடுகிறார்கள். புருஷன் வாய் திறக்காமல் நிற்கிறான். 'ஸ்டேஷனுக்குப் போ, பின்னாடியே நானும் வருகிறேன்' என்று மட்டும் சொல்கிறான். அவள் பிளாட்பாரத்தில் காத்திருக்கிறாள். அவன் வரவில்லை.

"சரி, எங்க சாவறா?" என்று கேட்டார் குராமோச்சி.

"சாகலை சென்செய். ரயில்ல போறா."

"ரயில்ல அடிபட்டா?"

"ரயில்ல ஏறி. சீட்ல உக்காந்து. வடக்க ஒரு ஊர்ல பள்ளிக்கூட வேலைக்குப் போறா. கதை அங்க முடியுது."

அவர் பல் குத்துவதை நிறுத்தினார். "நாடகத்துல கடல்ல இறங்கினாளே?"

"நாடகம் போட்டவங்க கடைசி அத்தியாயத்தைப் படிக்கலை."

"படிச்சிருப்பாங்க, காலேஜ்காரி. படிச்சதனாலதான் மாத்தியிருப்பாங்க. அசாகுசாக் கொட்டகையில பொம்பளைங்க காசு குடுத்து எதுக்கு உள்ள வர்றாங்க? ஒருத்தி ரயில்ல உக்காந்து போறதைப் பாக்கவா? அதை ஸ்டேஷன்ல போய்ச் சும்மாவே பாத்துக்கலாமே."

எனக்கு உச்சந்தலைவரை எரிந்தது. நாவலில் உயிரோடு இருக்கிற பெண்ணை மேடையில் கொன்றார்கள். இப்போது திரையில் இன்னொரு தடவை கொல்லப்போகிறார்கள். அதுவும் யார் கையால்? சொல்கிறேன், கேளுங்கள். இந்த ஊரில் ஒரு பெண்ணின் துயரத்தை ஆண் படமெடுப்பார். பெண் வேஷத்தை ஆண் கட்டுவார். படம் ஓடும்போது திரைக்குப் பக்கத்தில் நின்று அவள் குரலில் ஒரு ஆண் பேசுவார். பெண்களுக்கென்று அதில் ஒரே ஒரு வேலைதான் உண்டு. உட்கார்ந்து அழவேண்டும்.

வீட்டில் சொன்னால் ஆறுதல் கிடைக்கும் என்று நினைத்தேன். அம்மா தோஃபுவை வெட்டிக்கொண்டே, "யாராவது செத்தாதான் மிட்சு பாத்த மாதிரி இருக்கும்" என்றாள். "போன மாசம் பாத்தோமே, அதுல அந்தப் பொண்ணு இருமி இருமியே போனா. ஆஹா! ரெண்டு நாளைக்கு மனசு லேசா இருந்துச்சு."

யுகியேயாக நடித்தவர் கிகுமட்சு. நாற்பதைத் தாண்டியவர். இரண்டு பிள்ளைகள், முழங்கால் வலி, சதா புகையும் குழாய். ஆனால் சவுரி ஏறிவிட்டால் போதும், தோள் சரிந்துவிடும், கழுத்து நீண்டுவிடும், நடை சுருங்கிவிடும். சவுரி தலையில் இருக்கிறவரை ஆண்குரலில் ஒரு சொல் பேசமாட்டார். புகையிலை வேண்டுமென்றால்கூடப் பெண்குரலில், பார்வையைத் தாழ்த்தித்தான் கேட்பார். எனக்கு அதைப் பார்த்தாலே பற்றிக்கொண்டு வரும். ஒருநாள் முகத்துக்கு நேரே கேட்டேன்.

"கிகுமட்சு-சான், பெண்கள் இப்படியெல்லாமா குனியறாங்க? நான் குனியறேனா?"

"நீ பெண்ணு. உனக்குக் குனிய வேண்டிய அவசியமில்லை" என்றார் அந்த மெல்லிய குரலில். "நான்தானே நிரூபிச்சாகணும்."

வேறு கம்பெனிகள் நிஜமான பெண்களை நடிக்கவைக்கப் பார்க்கின்றன என்று அப்போது ஊருக்குள் பேச்சு. அவருக்கும் அது காதில் விழுந்திருக்கும். அந்த மாதம் முகத்துக்கு இரண்டு முறை மாவு பூசிக்கொள்வார்.

ஸ்டேஷன் காட்சியை எடுக்க ச்சிபா பக்கம் கடலோரமாக ஒரு சின்ன ஊருக்குப் போனோம். யுகியே பெஞ்சில் காத்திருப்பாள், ரயில் வரும், புருஷன் வரமாட்டான், ரயில் போய்விடும், வெறும் பிளாட்பாரத்தில் அவள் மட்டும் நிற்பாள். அடுத்தது கடல். கடலை மறுநாள் எடுப்பதாக ஏற்பாடு. சவுரிப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு நானும் போனேன்; படித்த பெண் என்றால் பெட்டி தூக்கக்கூடாதா என்ன.

வெளியூரில் படமெடுப்பதில் ஒரு தொல்லை உண்டு. காமிராவைக் கண்டால் கூட்டம் அதையே முறைத்துப் பார்த்துக்கொண்டு நிற்கும். அதனால் குராமோச்சி அதை பார்சல் அறைக்குள் ஒளித்துவைத்தார். கதவை ஒரு முழம் திறந்து, கறுப்புத் துணி போட்டு, துணியில் ஒரு ஓட்டை. உள்ளே காமிராக்காரர் ஓக்கிட்சு, பக்கத்தில் நான். குராமோச்சி வெளியே கேட்டருகே நின்று, வேடிக்கை பார்க்க வருகிறவர்களைத் தடுப்பதாக ஏற்பாடு. போகுமுன் ஓக்கிட்சுவிடம் விரலை நீட்டிச் சொன்னார்: "நான் வந்து சொல்ற வரைக்கும் கைப்பிடி சுத்திக்கிட்டே இருக்கணும். வானமே இடிஞ்சு விழுந்தாலும் நிறுத்தக்கூடாது. ஐரோப்பாச் சண்டையால கப்பல் வரலை, ஃபிலிம் இல்லை, இன்னொரு தடவை எடுக்க முடியாது. புரிஞ்சுதா?"

அன்று அவர் அணிந்திருந்த கோட்டைப் பற்றியும் சொல்லிவிட வேண்டும். பெரிய கட்டம் போட்ட மேனாட்டுக் கோட்டு. புருஷன் வேஷக்காரருக்கு உடுத்தக் கம்பெனியில் உருப்படியான கோட்டு இல்லாததால், முந்தைய காட்சிகளிலெல்லாம் குராமோச்சி தன்னுடையதையே கழற்றிக் கொடுத்திருந்தார். தொப்பியையும் சேர்த்து. ஸ்டேஷனில் புருஷனுக்கு வேலை இல்லை, ஆகவே கோட்டு அதன் சொந்தக்காரர் மேல் இருந்தது.

கிகுமட்சு பெஞ்சில் உட்கார்ந்தார். மடியில் துணி மூட்டை. ஓக்கிட்சு சுற்ற ஆரம்பித்தார். ரயில் வந்தது. யுகியே தலையை நிமிர்த்தி ஒவ்வொரு முகமாகத் தேடினாள். புருஷன் இல்லை. கை முகத்தை நோக்கிப் போய், பாதி வழியில் நின்று, சட்டைக்கையின் நுனியை மட்டும் பிடித்துக்கொண்டது. எனக்கே அழவேண்டும் போல் இருந்தது. அப்படித் தோன்றியதற்காக என் மேலேயே கோபம் வந்தது.

அப்போதுதான் அவித்த முட்டை விற்கிற பெண்பிள்ளை ஓட்டை வழியே தெரிந்த காட்சிக்குள் நுழைந்தாள். நிஜமான முட்டைக்காரி. கழுத்தில் தொங்கும் தட்டோடு ரயில் ஜன்னல் ஜன்னலாகப் போய் விற்றுக்கொண்டிருந்தவள், பெஞ்சில் அழுகிற பெண்ணைப் பார்த்துவிட்டு அப்படியே திரும்பி வந்தாள். தட்டைக் கீழே வைத்தாள். யுகியேவின் பக்கத்தில் இடித்துக்கொண்டு உட்கார்ந்தாள். அவளுக்குக் காமிராவும் தெரியாது, எங்களையும் தெரியாது. பார்சல் அறைக்கு அவள் குரல் நன்றாகக் கேட்டது.

"எந்த வீட்டு மருமக நீ? அடிச்சாங்களா? பேச வேண்டாம், முகத்துலயே எழுதியிருக்கு. வர்றேன்னு சொன்னானா? வரமாட்டாம்மா. இந்த பெஞ்சுல உக்காந்தவளுக்கு எவனும் வந்தது கிடையாது. இந்தா, முதல்ல இதைத் தின்னு. உப்பு வேணுமா?"

கிகுமட்சு என்ன செய்வார்? சவுரி தலையில் இருக்கிறது, ஆண்குரலில் பேசமாட்டார். காமிரா சுற்றுகிறது; வேஷத்தைக் கலைக்கமாட்டார். ஆக, யுகியே என்ன செய்வாளோ அதைச் செய்தார். கண்ணீர் வழிய முட்டையை வாங்கிக் கடித்தார்.

"நிறுத்தவா?" என்று கிசுகிசுத்தார் ஓக்கிட்சு.

"சென்செய் வந்து சொன்னாரா?"

"இல்லையே."

"அப்ப சுத்துங்க!"

வெளியே முட்டைக்காரி எழுந்துவிட்டாள். "போதும் அழுதது. பொறந்த வீடு இருக்கா? இல்லையா? சரி, கை இருக்குல்ல, கால் இருக்குல்ல? ஏறு. ஏறுடி! அந்த ஊர்ல இல்லேன்னா அடுத்த ஊர்ல வேலை கிடைக்கும்." ஒரு கையால் மூட்டையையும் மறு கையால் கிகுமட்சுவின் இடுப்புப் பட்டையையும் பிடித்துத் தூக்கி, மூன்றாம் வகுப்புப் பெட்டியின் படியில் ஏற்றி, பின்னாலிருந்து ஒரு தள்ளு தள்ளினாள். ஜன்னல் வழியாக இன்னும் இரண்டு முட்டைகள் உள்ளே போயின. விசில் ஊதியது. ஜன்னலில் யுகியேவின் முகம் தெரிந்தது. அந்த முகத்தில் இருந்தது நடிப்பா, திகைப்பா, நிஜமான நன்றியா என்று எனக்கு இன்றுவரை தெரியாது. முட்டைக்காரி கையை ஆட்டினாள். ரயில் கதாநாயகியோடு கிளம்பிவிட்டது.

நான் பின்பக்கக் கதவால் வெளியே ஓடினேன். கேட்டருகே ஒரு உறுமல். குராமோச்சி கட்டம் போட்ட கோட்டு பறக்க பிளாட்பாரத்தில் பாய்ந்து, "கிகு! கிகூ! சவுரி கம்பெனிது!" என்று கத்திக்கொண்டு ரயிலின் பின்னாலேயே ஓடினார். தொப்பி விழுந்தது. குனிந்து எடுத்தார். மறுபடி ஓடினார். பிளாட்பாரம் முடிந்துபோன இடத்தில் நின்று இடுப்பில் கைவைத்துக்கொண்டு மூச்சு வாங்கினார்.

பிற்பகல் எதிர்த்திசை ரயிலில் கிகுமட்சு வந்து இறங்கினார். மடி நிறைய ஆரஞ்சு, வறுத்த அரிசி அப்பம், ஒரு ஜோடிப் புதுச் செருப்பு. எல்லாம் கூடப் பயணம் செய்தவர்கள் கொடுத்தது. "ஒரு மரக்கடைக்காரர் அவர் தம்பிக்கு என்னைக் கேட்டார்" என்றார், அதே பெண்குரலில், வெட்கத்தோடு. "யோசிச்சுச் சொல்றேன்னு சொல்லியிருக்கேன்."

பார்சல் அறையில் காத்திருந்த குராமோச்சிக்குச் சிரிக்கத் தோன்றவில்லை. "முட்டைக்காரி வர்றதுக்கு முன்னாடியே வெட்டிடலாம். நாளைக்குக் கடல். மிச்சமிருக்கிற ஃபிலிம் அதுக்குப் போதும்."

கிகுமட்சு மெல்ல சவுரியைக் கழற்றி மடியில் வைத்தார். அப்புறம் தன் சொந்தக் குரலில் பேசினார். தகர டப்பாவில் கல் போட்டு ஆட்டியது போன்ற குரல்.

"மாட்டேன்."

"என்னது?"

"சென்செய், இருபது வருஷமா இந்த வேஷம் கட்டறேன். மேடையில தூரத்துலேருந்து பாத்து 'அழகு'ன்னாங்க. திரையில பாத்துக் கத்தினாங்க. எல்லாருக்கும் தெரியும் உள்ள ஆம்பளைன்னு. இன்னிக்கு வெட்ட வெளிச்சத்துல, ஒரு முழத் தூரத்துல உக்காந்து, ஒரு பொம்பளை என்னைப் பொம்பளைன்னு நம்பியிருக்கா. அதை வெட்டிக் குப்பையில போடுவீங்களா? அதோட, அவ என்னை ரயில்ல ஏத்தி விட்டிருக்கா. ஏறினவ எப்படிய்யா இறங்கி வந்து சாவா? என் முழங்காலுக்கு மார்ச் மாசத் தண்ணியும் ஆகாது."

யுகியே உயிரோடு இருக்கவேண்டும் என்று நான் இரண்டு மாதமாகத் தொண்டை கிழியக் கத்தியிருக்கிறேன். யாரும் காதில் வாங்கவில்லை. ஒரு ஆண் 'மாட்டேன்' என்று ஒரு சொல் சொன்னதும் அறையே காது கொடுத்தது. எரிச்சலாகத்தான் இருந்தது. ஆனால் அந்த நிமிஷம் அவரைக் கட்டிக்கொள்ளலாம் போலவும் இருந்தது.

குராமோச்சி அறையைச் சுற்றி நடந்தார். கிகுமட்சு இல்லாமல் படத்துக்கு ஆள் வராது. அது அவருக்குத் தெரியும். கடைசியில் என் முன்னால் வந்து நின்றார்.

"எல்லாம் உன் வேலை காலேஜ்காரி. 'சுத்துங்க'ன்னு நீதான் சொன்னியாம். சரி. முதல் நாள் ரயிலோடவே காட்டறேன். கொட்டகையில பொம்பளைங்க உக்கார்ற பக்கத்துல எனக்கு அழுகை கேக்கணும். கேக்கலேன்னா மறுநாளே கடல் எடுத்து ஒட்டிடுவேன். கிகு வர வேண்டாம். முதுகைக் காட்டித்தானே தண்ணில இறங்கறா? முதுகு யாருதா இருந்தா என்ன? அந்தக் கிமோனோவை உனக்கு மாட்டி, உன்னை இறக்கிவிடறேன். அதுதான் இங்க உனக்குக் கடைசி வேலை. ஈரத்தோட அப்படியே ஹொன்ஜோ போய் சோயா அரைக்கலாம்."

ஆக, யுகியேவைக் கொல்ல என்னையே உபயோகிக்கப்போகிறார்கள். நான் சரி என்றேன். வேறு என்ன சொல்ல?

ஃபிலிம் கழுவி முடிந்து, ஈரம் காய்ந்தும் காயாமலும் முதல் காட்சியன்று காலையில்தான் அசாகுசாக் கொட்டகைக்கு வந்து சேர்ந்தது. யாரும் முன்கூட்டிப் பார்க்கவில்லை. குராமோச்சி ஒரு வார்த்தைதான் கேட்டாராம்: "ரயில் போனதும் நிறுத்தினியா?" ஓக்கிட்சு, "ஆமா, போனதும்தான் சென்செய்" என்றாராம். எவ்வளவு தூரம் போனதும் என்று இவரும் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை.

கொட்டகையின் பின்கட்டில் பைகெட்சு பச்சை முட்டை குடித்துக்கொண்டிருந்தார். திரைக்குப் பக்கத்தில் நின்று எல்லோர் குரலிலும் கதை சொல்லும் பென்ஷி அவர். நடிகர் பேரைவிட அவர் பேரைத்தான் வாசலில் பெரிதாக எழுதியிருப்பார்கள். நான் போய் முடிவு மாறியிருக்கிறது என்று சொன்னதும் முட்டை தொண்டையில் நின்றது.

"கடல் இல்லையா? என் கடல் எங்க போச்சு? 'அலைகளே, என் பேரை அவரிடம் சொல்லாதீர்கள்'னு ஆரம்பிச்சு அரைத் தெருவுக்குக் கேக்கற மாதிரி வச்சிருக்கேனே!"

"அதுக்குப் பதிலா ஒரு முட்டைக்காரி வர்றா, சென்செய்."

"முட்டைக்காரிக்கு நான் என்ன பேசுவேன்?"

"உப்பு வேணுமான்னு கேளுங்க."

என்னை மேலும் கீழும் பார்த்தார். "நீ கல்யாணம் பண்ணிக்கோம்மா" என்றார்.

போலீஸ் உத்தரவுப்படி கொட்டகையில் ஆண்கள் இடது பக்கம், பெண்கள் வலது பக்கம். நான் அம்மாவோடு வலது பக்கம் உட்கார்ந்தேன். அம்மா அழுவதற்கென்றே பெரிய துண்டாகக் கொண்டுவந்திருந்தாள். மாடியில் முதல் வரிசையில் குராமோச்சி, மடியில் கோட்டு, காதைத் தீட்டிக்கொண்டு.

படம் நன்றாகத்தான் போனது. மாமியார் தேநீரைத் தட்டிவிட்டபோது பெண்கள் பக்கம் உறுமியது. கட்டம் போட்ட கோட்டுக்காரப் புருஷன் வாசலில் தலைகுனிந்து நின்றபோது, "பேசேன்டா, வாயில என்ன கொழுக்கட்டையா?" என்று பின்னாலிருந்து ஒரு குரல். அப்புறம் ஸ்டேஷன். அம்மா துண்டை மடித்துத் தயாராக மூக்கடியில் வைத்துக்கொண்டாள்.

முட்டைக்காரி வந்தாள். பைகெட்சு ஒரு கணம் தடுமாறினார். பிறகு, தொண்டையைக் கனைத்து, பெருந்தன்மையோடு சொன்னார்: "இந்தா... உப்பு வேணுமா?"

கொட்டகை சிரித்தது. ஆண்களும் பெண்களும் சேர்ந்து சிரித்தார்கள். அம்மா துண்டை மடியில் இறக்கினாள். நான் கண்ணை மூடிக்கொண்டேன். மார்ச் மாதக் கடல் என் கணுக்காலில் ஏறுவது தெரிந்தது.

"அழுதுக்கிட்டே திங்கறா பாரு" என்றாள் அம்மா.

கண்ணைத் திறந்தேன். திரையில் யுகியே முட்டையைக் கடித்து, விழுங்க முடியாமல் விழுங்கிக்கொண்டிருந்தாள். முட்டைக்காரி அவள் முதுகைத் தட்டிக்கொடுத்தாள். பைகெட்சு ஒன்றும் பேசவில்லை. பேசாமலிருக்க அவருக்கும் தெரியும் என்று அன்றுதான் தெரிந்துகொண்டேன். சிரிப்பு அடங்கியது. எங்கோ ஒரு மூக்கு உறிஞ்சும் சத்தம். பக்கத்தில் இன்னொன்று. முட்டைக்காரி யுகியேவை ரயிலுக்குள் தள்ளியபோது "போ, போயிடு!" என்று முன்வரிசையில் ஒருத்தி எழுந்தே நின்றுவிட்டாள். ஜன்னலில் முகம் தெரிந்தது. ரயில் நகர்ந்தது.

அங்கே முடிந்திருக்கவேண்டும். முடியவில்லை. ஓக்கிட்சு காமிராவிலிருந்த சுருள் தீரும்வரை சுற்றியிருக்கிறார்.

திரையின் ஓரத்திலிருந்து ஒரு ஆள் பாய்ந்து வந்தான். முதுகு மட்டும். கட்டம் போட்ட கோட்டு. ரயிலின் பின்னால் ஓடினான். தொப்பி விழுந்தது. குனிந்து எடுத்தான். மறுபடி ஓடினான்.

பைகெட்சு வாயைத் திறந்தார், மூடினார். யார் இது என்று அவருக்குத் தெரியாது. யார் என்று தெரிந்த எனக்கு உடம்பெல்லாம் வேர்த்துவிட்டது. மாடியில் யாரோ நாற்காலியைத் தள்ளும் சத்தம் கேட்டது.  அதற்குள் என் அம்மா, ஹொன்ஜோ முழுக்க தோஃபு கூவி விற்ற அதே தொண்டையில் கத்தினாள்:

"வந்துட்டான் பாருங்கடி தொரை! இப்பதான் வழி தெரிஞ்சுதாம்!"

"ஓடு, ஓடு! இன்னும் வேகமா ஓடு!" என்று கத்தினாள் அவளுக்கு அடுத்து இருந்தவள்.

"தொப்பி முக்கியமாடா உனக்கு?"

பைகெட்சு இந்தத் தொழிலில் சும்மா பேர் வாங்கவில்லை. நொடியில் பிடித்துக்கொண்டார். உடைந்த ஆண்குரலில், "யுகியே! நில், யுகியே! நான் வந்துவிட்டேன்!" என்றார். பிறகு அதைவிடத் தாழ்ந்த, அமைதியான தன் சொந்தக் குரலில், "அவள் திரும்பிப் பார்க்கவில்லை" என்றார். பிளாட்பாரத்தின் முனையில் அந்த முதுகு இடுப்பில் கைவைத்து, மேலும் கீழும் மூச்சு வாங்கியது. அதைவிட நிஜமான தோல்வியை எந்த நடிகனும் காட்டியிருக்கமாட்டான்.

வலது பக்கம் அப்படியே உடைந்தது. சிரித்துக்கொண்டே அழுதார்கள், அழுதுகொண்டே திட்டினார்கள். அம்மா துண்டைப் பிழியாத குறை. "நல்லா வேணும் அவனுக்கு" என்று விம்மினாள். "நல்லா வேணும்... ஐயோ, என்ன ஒரு படம்!"

"யாரும் சாகலையேம்மா?"

"வாயை மூடு மிட்சு. பாக்க விடு."

வெளியே வரும்போது படிக்கட்டடியில் குராமோச்சி நின்றார். கோட்டைப் போட்டுக்கொள்ளவில்லை, உள்பக்கத்தை வெளியே திருப்பி மடித்துக் கையில் வைத்திருந்தார். காது சிவந்திருந்தது. கம்பெனி முதலாளி அவர் தோளைத் தட்டி, "அந்த ஓட்டம் அற்புதம், குராமோச்சி! புருஷன் வேஷக்காரன் இவ்வளவு நல்லா நடிப்பான்னு நினைக்கலை" என்று சொல்லிவிட்டுப் போனார். குராமோச்சி தலைவணங்கி, "நான் கொஞ்சம் சொல்லிக்கொடுத்தேன்" என்றார்.

பிறகு என்னைப் பார்த்தார்.  முதுகு யாருடையதாக இருந்தால் என்ன என்று நாக்கின் நுனிவரை வந்தது. விழுங்கினேன். வாழ்க்கையில் நான் விழுங்கிய ஒரே பேச்சு அதுதான்.

"அடுத்த நாவலைத் திங்கக்கிழமை சொல்லு" என்றார். நடந்துவிட்டு, நின்று, திரும்பினார். "கடைசி அத்தியாயத்தையும் சேர்த்து."

மிசோக் கடைக்காரரின் மகனுக்கு வேறு பெண் பார்த்தார்கள். இப்போது அவர்கள் இருவரும் சேர்ந்து ஒன்றும் பேசாமல் இருக்கிறார்கள் என்று கேள்வி.

படம் இரண்டாவது வாரத்துக்குப் போனபோது, கிகுமட்சு என்னையும் கூப்பிட்டுக்கொண்டு அந்த ஸ்டேஷனுக்குப் போனார். முட்டைக்காரியிடம் உண்மையைச் சொல்லவேண்டும் என்று அவருக்கு இருந்தது; எப்படிச் சொல்வது என்று தெரியவில்லை. மாவு இல்லை, சவுரி இல்லை. குட்டை முடி, குழாய், கன்னத்தில் ஒருநாள் தாடி. முட்டைக்காரி பெஞ்சருகே தட்டைத் துடைத்துக்கொண்டிருந்தாள்.

"ரெண்டு முட்டை" என்றார், அந்த டப்பாக் குரலில்.

கொடுத்தாள். முகத்தைக்கூடப் பார்க்கவில்லை.

"இந்த பெஞ்சுல கொஞ்ச நாள் முன்னாடி ஒரு பொண்ணு..." என்று ஆரம்பித்தார்.

அவள் சட்டென்று நிமிர்ந்தாள். கண்ணைச் சுருக்கி அவரை ஏற இறங்கப் பார்த்தாள். "நீ யாரு? புருஷனா? இத்தனை நாள் கழிச்சா தேடி வர்றே?"

"இல்லை, இல்லை! நான்... தெரிஞ்சவன். அவ எப்படி இருந்தான்னு கேக்கத்தான்."

"அழகா இருந்தா. உன்னை மாதிரி ஆளுங்க கண்ணுக்கெல்லாம் அது தெரியாது." தட்டைக் கழுத்தில் மாட்டிக்கொண்டாள். ரயில் வரும் சத்தம் தூரத்தில் கேட்டது. "ரயில்ல ஏத்தி அனுப்பிட்டேன். தேடாதே. இந்நேரம் எங்கயோ நல்லா இருப்பா."

"நிச்சயமாவா?"

"கையைப் பிடிச்சுத்தானே ஏத்தினேன். கை கொஞ்சம் பெரிசு. உழைச்ச கை. பொழைச்சுக்குவா."

கிகுமட்சு இரண்டு கைகளையும் மெதுவாகச் சட்டைக்கைக்குள் இழுத்துக்கொண்டார்.